துப்பாக்கியைத் தவறவிட்ட அண்ணன்

தெருவோரப் பழக்கடையில் ஆரஞ்சுப் பழங்களைப் பொறுக்கிக்கொண்டிருக்கிறார் மாஃபியாக் குடும்பத் தலைவர் டான் கார்லியோனே. வழக்கமாக வண்டி ஓட்டுகிறவன் உடம்பு சரியில்லை என்று வராததால் மகன் ஃப்ரெடோ காரில் காத்திருக்கிறான். இரண்டு பேர் ஓடிவருகிறார்கள். துப்பாக்கிச் சத்தம் கேட்கிறது, பழங்கள் தெருவில் உருள்கின்றன. பதறிக்கொண்டு இறங்கும் ஃப்ரெடோவிடமும் துப்பாக்கி இருக்கிறது. ஆனால் அது கைக்குப் பிடிபடவில்லை. இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் புரட்டிப் பார்த்துக் கீழே நழுவவிட்டுவிடுகிறான். சுட்டவர்கள் ஓடிப்போகிறார்கள். அப்பா குப்புறக் கிடக்கிறார். மகன் நடைபாதை ஓரத்தில் உட்கார்ந்து, பள்ளிக்கூடத்தில் தொலைந்துபோன பிள்ளையைப் போல அழுகிறான்.

1972-இல் வெளிவந்த 'காட்ஃபாதர்' படத்தை முதன்முறை பார்த்தபோது இந்த அண்ணன்மேல் எனக்கு எரிச்சல்தான் வந்தது. அப்பாவாக வரும் மார்லன் பிராண்டோவையும் தம்பி மைக்கேலாக வரும் அல் பசினோவையும் பார்க்க உட்கார்ந்தவனுக்கு இவன் ஓர் இடைஞ்சல். நாலாவது, ஐந்தாவது முறை பார்க்கும்போதுதான் அந்தக் கைகளைக் கவனித்தேன். துப்பாக்கி பிடிக்கத் தெரியாதவனாக நடிப்பது பெரிய காரியமில்லை. இந்தக் கைகளோ பிடிக்கத் தெரிந்தவை. அந்த நேரத்தில் மட்டும் அவை அவனுக்குச் சொந்தமில்லாமல் போய்விட்டன. அப்படி நடித்தவர் ஜான் கஸால். முழுநீளப் படம் ஒன்றில் அவர் தோன்றியது அதுவே முதல்முறை. அப்போது அவருக்கு வயது 36.

அதற்குப் பிறகு அவருக்கு வாய்த்தவை ஆறு ஆண்டுகள், நான்கு படங்கள். 1974-இல் 'கான்வர்சேஷன்', அதே ஆண்டில் 'காட்ஃபாதர்' இரண்டாம் பாகம், 1975-இல் 'டாக் டே ஆஃப்டர்நூன்', 1978-இல் 'டியர் ஹன்டர்'. கடைசிப் படம் திரைக்கு வரும்போது அவர் உயிரோடு இல்லை. ஐந்து படங்களும் சிறந்த படத்துக்கான ஆஸ்கர் பரிந்துரை பெற்றன, அவற்றில் மூன்று விருதையே வென்றன. எல்லாப் பிரிவுகளையும் சேர்த்தால் ஐந்து படங்களும் தட்டிச் சென்ற ஆஸ்கர்கள் 15. கஸாலைப் பற்றி எங்கே பேச்சு வந்தாலும் இந்தக் கணக்கில்தான் தொடங்குகிறார்கள். கேட்பதற்கு ஏதோ கைராசிக்காரர் கதை போல இருக்கிறது. கைராசி என்று சொல்லிவிட்டால் அந்த மனிதர் என்ன செய்தார் என்று பார்க்க வேண்டிய வேலை மிச்சமாகிவிடுகிறது. அதனால்தான் எனக்கு அந்தக் கணக்கில் அவ்வளவாகப் பிரியமில்லை.

அவர் அந்தப் படங்களுக்கு வந்து சேர்ந்த வழியைப் பார்த்தால் ராசிக்கு அங்கே அதிகம் இடமில்லை. 1935-இல் மாசசூசெட்ஸ் மாநிலத்தின் ரிவியர் என்ற ஊரில் இத்தாலிய, ஐரிஷ் வம்சாவளிக் குடும்பத்தில் பிறந்தவர். ஓபர்லின் கல்லூரியிலும் பிறகு பாஸ்டன் பல்கலைக்கழகத்திலும் நாடகம் படித்தார். நியூயார்க்குக்குப் போய்ப் பல வருடங்கள் கிடைத்த வேலையைச் செய்தார். டாக்ஸி ஓட்டினார், புகைப்படம் எடுத்தார், எண்ணெய் நிறுவனம் ஒன்றில் காகிதங்களைச் சுமந்துகொண்டு அலுவலகம் அலுவலகமாக அலையும் வேலையும் பார்த்தார். அங்கே அதே வேலையில் இருந்த இளைஞன் ஒருவனோடு பழக்கமானார். அவன் அல் பசினோ.

இரண்டு பேரையும் முதலில் ஊர் திரும்பிப் பார்த்தது ஒரு நாடக மேடையில். இஸ்ரயேல் ஹோரோவிட்ஸ் எழுதி 1968-இல் நியூயார்க்கில் அரங்கேறிய 'த இந்தியன் வான்ட்ஸ் த பிராங்ஸ்' என்ற ஓரங்க நாடகம் அது. மகனைத் தேடி இந்தியாவிலிருந்து புதிதாக வந்திறங்கிய குப்தா என்ற தகப்பன், ராத்திரியில் ஒரு பஸ் நிறுத்தத்தில் வழி தெரியாமல் நிற்கிறான். ஆங்கிலம் தெரியாது, இந்தி மட்டும்தான். வேலைவெட்டி இல்லாத இரண்டு இளைஞர்கள் பொழுதுபோக்குக்காக அவனைச் சீண்டத் தொடங்குகிறார்கள். சீண்டல் மெல்ல மெல்லக் கொடுமையாகிறது. சீண்டுகிறவர்களில் ஒருவன் பசினோ. குப்தாவாக நின்றவர் கஸால்.

இந்தப் பாத்திரத்தை நடிக்க வேண்டியவனின் நிலைமையைக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். அவன் பேசுவது பார்வையாளருக்குப் புரியாது. அவனுக்கே அது தாய்மொழி இல்லை. நகைச்சுவை, மிரட்டல், கோபம், கதையின் திருப்பம் எல்லாம் எதிரில் இருக்கும் இரண்டு பேர் கையில். அவனிடம் இருப்பதெல்லாம் கேட்டுக்கொண்டிருப்பது ஒன்றுதான். புரியாத பேச்சைக் கேட்டு, இது நட்பா பகையா என்று ஒவ்வொரு நொடியும் முகத்தால் கணக்குப் போட வேண்டும். அந்தக் கணக்கு தவறும்போதுதான் அரங்கில் இருப்பவர்களுக்கு அடிவயிறு கலங்கும். இன்றைக்கு வெள்ளைக்கார நடிகர் ஒருவர் இந்தியராக வேடம் கட்டுவதை யாரும் ஒப்புக்கொள்ள மாட்டார்கள், அதில் நியாயமும் இருக்கிறது. ஆனால் கஸாலின் கலை எங்கே உருவாயிற்று என்று கேட்டால் நான் அந்தப் பஸ் நிறுத்தத்தைத்தான் காட்டுவேன். அந்த நாடகத்துக்காகப் பசினோவும் அவரும் ஆளுக்கொரு ஓபி விருது பெற்றார்கள். சிறிய அரங்க நாடகங்களுக்கு நியூயார்க்கில் கொடுக்கப்படும் பெரிய மரியாதை அது.

அவருடைய தொலைக்காட்சி வாழ்க்கையை ஒரு மூச்சில் சொல்லிவிடலாம். 1968-இல் 'என்.ஒய்.பி.டி.' என்ற போலீஸ் தொடரில் ஒரே ஓர் அத்தியாயம். நியூயார்க் தெருக்களிலேயே படமாக்கப்பட்ட அரை மணி நேரத் தொடர் என்பதால் உள்ளூர் நாடக நடிகர்கள் பலருக்கு அது ஓரிரு நாள் கூலி கொடுத்தது. பசினோவும் அதே ஆண்டில் அதே தொடரில் ஒரு முறை தலைகாட்டியிருக்கிறார்.

சினிமாவும் மேடை வழியாகவே வந்தது. 1971-இல் ஹோரோவிட்ஸின் இன்னொரு நாடகமான 'லைன்' மறுபடி மேடையேறியது. வரிசையில் முதல் இடத்துக்காக ஐந்து பேர் அடித்துக்கொள்வதுதான் கதை. ரிச்சர்ட் ட்ரைஃபஸும் கஸாலும் அதில் நடித்தார்கள். பார்க்க வந்த ஃப்ரெட் ரூஸ், பிரான்சிஸ் ஃபோர்ட் கொப்போலாவின் படத்துக்கு ஆள் தேடிக்கொண்டிருந்தவர். ஃப்ரெடோவுக்கு ஆள் கிடைத்துவிட்டது. வரிசையில் முதல் இடத்துக்குச் சண்டை போட்டவரை, வரிசையில் தன்னைத் தாண்டித் தம்பி போய்விட்டதைக் கண்டு புழுங்கும் அண்ணனாக்கினார்கள்.

இங்கே ஒரு சொல்லைத் தெளிவுபடுத்திக்கொள்வது நல்லது. தமிழ் சினிமாப் பேச்சில் துணை நடிகர் என்றால் திருமணக் காட்சியில் பந்தியில் உட்கார்ந்திருப்பவரும் அதில் அடங்குவார். பெயரும் குணமும் உள்ள பாத்திரத்தில் வருகிறவரைக் குணச்சித்திர நடிகர் என்போம். கஸால் இந்த இரண்டாவது வகை. ஆனால் துணை என்ற சொல்லை அதன் நேர்ப்பொருளில் எடுத்துக்கொண்டால் அவருக்கு அதுதான் இன்னும் பொருந்தும். எதிரே நிற்கும் நடிகருக்கு நடிக்க ஏதாவது கையில் கொடுப்பது அவருடைய தொழிலாக இருந்தது.

'கான்வர்சேஷன்' படத்தில் ஜீன் ஹாக்மன், பிறர் பேச்சை ஒட்டுக்கேட்டுப் பதிவுசெய்து கொடுக்கும் நிபுணர். யாரிடமும் மனம்விட்டுப் பேசாத, பூட்டிய அறை போன்ற ஆள். அவருடைய உதவியாளன் ஸ்டான்தான் கஸால். சான்ஃபிரான்சிஸ்கோவின் யூனியன் சதுக்கத்தில் நிற்கும் வேனுக்குள் உட்கார்ந்துகொண்டு, வெளியே கண்ணாடியில் உதட்டுச்சாயத்தைச் சரிபார்க்கும் பெண்களை வேடிக்கை பார்க்கும் சாதாரண மனிதன். பதிவான குரல்கள் யாருடையவை, எதைப் பற்றிப் பேசுகிறார்கள் என்று சும்மா தெரிந்துகொள்ள ஆசைப்பட்டுக் கேட்கிறான். அந்தக் கேள்விகள் ஹாக்மனை ஊசியாய்க் குத்துகின்றன. கதாநாயகன் எவ்வளவு பயந்துபோயிருக்கிறான் என்பது நமக்குத் தெரியவருவது இந்த அப்பாவிக் கேள்விகளால். ஸ்டான் கோபித்துக்கொண்டு போட்டிக் கம்பெனிக்குப் போய்விடும்போது ஹாக்மனின் தனிமை இன்னொரு சுற்று பெரிதாகிறது. கஸால் அதிகம் எதுவும் செய்யவில்லை, வேலைக்குப் போய் வேலையை விட்டார், அவ்வளவுதான்.

'காட்ஃபாதர்' இரண்டாம் பாகத்தில்தான் அவருக்குக் கொஞ்சம் இடம் கிடைத்தது. டாஹோ ஏரிக்கரை வீடு, பெரிய கண்ணாடிச் சன்னல்களுக்கு வெளியே பனி. குடும்பத்துக்குத் துரோகம் செய்துவிட்ட ஃப்ரெடோ ஒரு சாய்வு நாற்காலியில் கிடக்கிறான். தம்பி மைக்கேல் நிற்கிறான். ஹவானாவில் நடந்ததைப் பற்றிய விசாரணையாகத் தொடங்கும் பேச்சு, மூத்தவன் இருக்க இளையவன் பட்டம் சூடிய பழைய கதைக்குப் போய்விடுகிறது. தானும் புத்திசாலிதான், தன்னை எடுபிடி வேலைகளுக்கு அனுப்பியது தப்பு என்று ஃப்ரெடோ கத்துகிறான். கத்துகிறவன் எழுந்து நின்று கத்த வேண்டும் அல்லவா? நாற்காலி விடுவதில்லை. எழ முயல்கிறான், முதுகு மறுபடி சரிகிறது. கைகள் தரையில் போட்ட மீனைப் போல அடித்துக்கொள்கின்றன. ஒரு மனிதன் தன் வாழ்நாளில் முதல்முறையாகத் தன் பக்கத்து நியாயத்தைச் சொல்லும் நேரத்தில் படுத்த வாக்கில் இருக்கிறான். அந்த நாற்காலியைத் தேர்ந்தெடுத்தவர் யாராக இருந்தாலும் சரி, அதற்குள் இத்தனை அவமானம் இருக்கிறது என்று கண்டுபிடித்தது கஸாலின் உடம்பு.

அந்தக் காட்சியில் பசினோ பெரும்பாலும் அசையாமல் நிற்கிறார். அந்தச் சிலை போன்ற நிலைதான் பிற்பாடு ரொம்பவும் புகழப்பட்டது. எதிரில் ஒருவன் அப்படித் துடித்ததால்தான் சிலைக்கு அர்த்தம் வந்தது.

விருதுப் பட்டியலை இந்தக் கண்ணோடு புரட்டினால் ஒரு விநோதம் தென்படும். முதல் பாகத்துக்குத் துணை நடிகர் பிரிவில் மூன்று பேர் பரிந்துரைக்கப்பட்டார்கள்: மூத்த மகனாக வந்த ஜேம்ஸ் கான், இளைய மகன் பசினோ, வளர்ப்பு மகன் ராபர்ட் டுவால். வீட்டுப் பிள்ளைகளில் ஃப்ரெடோ மட்டும் பாக்கி! இரண்டாம் பாகத்துக்கு மறுபடி மூன்று பேர்: ராபர்ட் டி நிரோ, லீ ஸ்ட்ராஸ்பெர்க், மைக்கேல் காஸோ. டி நிரோ வென்றார். 'டாக் டே ஆஃப்டர்நூன்' படத்துக்குக் கிறிஸ் சாரண்டன். 'டியர் ஹன்டர்' படத்துக்குக் கிறிஸ்டஃபர் வாக்கன், அவரும் வென்றார். நான்கு படங்கள், எட்டு பரிந்துரைகள், ஒன்றில்கூடக் கஸாலின் பெயர் இல்லை. 'டாக் டே'வுக்காகக் கோல்டன் குளோப் பரிந்துரை ஒன்று வந்தது, அதோடு சரி.

இதை அநீதி என்று எழுதுவது சுலபம், நிறையப் பேர் எழுதியும் விட்டார்கள். எனக்கு அதில் ஒரு காரணமும் தெரிகிறது. துணை நடிகருக்கான விருதுகூட, கொஞ்ச நேரம் வந்தாலும் திரையைத் தன் பக்கம் இழுத்துக்கொள்கிறவருக்குத்தான் போகும். வாக்கனின் கண்களையும் டி நிரோவின் இளம் டானையும் யாரும் மறக்க முடியாது. கஸால் திரையை எதிராளியின் பக்கம் தள்ளிவிடுகிறவர். வாக்குச்சீட்டில் அதற்குக் கட்டம் கிடையாது.

'டாக் டே ஆஃப்டர்நூன்' விஷயத்தில் அவர் வந்ததே ஒரு சிபாரிசால். 1972 ஆகஸ்டில் புரூக்ளினில் உண்மையாகவே நடந்த வங்கிக் கொள்ளை அது. கொள்ளையரில் ஒருவனான சால் பதினெட்டு வயதுப் பையன், விமான நிலையத்தில் போலீஸ் நடவடிக்கையில் கொல்லப்பட்டவன். அந்தப் பாத்திரத்துக்குக் கிட்டத்தட்ட நாற்பது வயது கஸாலைப் பசினோ சொன்னபோது இயக்குநர் சிட்னி லூமெட் ஒப்புக்கொள்ளவில்லை. வயதும் பொருந்தவில்லை, தோற்றமும் பொருந்தவில்லை. பசினோ விடாமல் நச்சரித்ததால் ஒருமுறை வாசிக்கவிட்டார். வாசித்து முடிப்பதற்குள் லூமெட் மனம் மாறிவிட்டது.

படத்தில் பசினோ கத்துகிறார், ஓடுகிறார், வெளியே கூடிய கூட்டத்தைக் கிளப்பிவிடுகிறார். உள்ளே துப்பாக்கியோடு உட்கார்ந்திருக்கும் சால், ஏறிப்போன நெற்றியும் தொங்கும் தலைமுடியுமாக, அசைவதே இல்லை. பிணைக்கைதிகள் பசினோவோடு ஒட்டிக்கொள்கிறார்கள், இவனைப் பார்த்து மட்டும் பயப்படுகிறார்கள். அவனோ அவர்களைவிட அதிகமாகப் பயந்துபோயிருக்கிறான். இதுவரை விமானத்தில் ஏறியதே இல்லை என்கிறான். எந்த நாட்டுக்குத் தப்பிப்போகலாம், உனக்கென்று ஏதாவது நாடு இருக்கிறதா என்று பசினோ கேட்கும்போது கொஞ்சம் யோசித்துவிட்டு, வயோமிங் என்கிறான். வயோமிங் அமெரிக்காவுக்குள்ளேயே இருக்கும் ஒரு மாநிலம். அது எழுதிக்கொடுத்த வசனமில்லை, படப்பிடிப்பில் கஸால் தானாகச் சொன்னது என்று லூமெட் பின்னாளில் சொல்லியிருக்கிறார். பார்ப்பவர்கள் சிரிப்பார்கள். சால் சிரிக்கவைக்கப் பார்க்கவில்லை. அவனுக்குத் தெரிந்த தொலைதூரம் அவ்வளவுதான். அடுத்த கணம் அவன் எவ்வளவு அறியாதவன், எவ்வளவு ஆபத்தில் இருக்கிறான் என்பது பசினோவின் முகத்தில் வந்து விழுகிறது. மறுபடியும் அதே தொழில்.

அதே படத்தில் வங்கிப் பெண் ஒருத்தி சிகரெட் பற்றவைக்கும்போது, உடம்பு இறைவனின் ஆலயம், அதைக் கெடுத்துக்கொள்ளக் கூடாது என்கிறான் சால். புற்றுநோய்ப் பேச்சும் வருகிறது. கஸாலோ ஓயாமல் புகைபிடித்தவர். இப்போது அந்தக் காட்சியைச் சாதாரணமாகப் பார்க்க முடிவதில்லை.

திரையில் துணையாகவே நின்றவர் மேடையில் அப்படி இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். 1975-இல் பாஸ்டனில் பசினோவோடு ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்டின் நாடகம் ஒன்றில் நடித்தார். 1976 கோடையில் நியூயார்க் சென்ட்ரல் பார்க்கின் திறந்தவெளி அரங்கில் ஷேக்ஸ்பியரின் 'மெஷர் ஃபார் மெஷர்' நாடகத்தில் ஆஞ்சலோ என்ற முக்கியப் பாத்திரம். சட்டத்தைத் தவிர வேறெதுவும் தெரியாத கறாரான ஆட்சியாளன், தன் தம்பியின் உயிருக்காக மன்றாட வந்த கன்னிகையிடம் அவளுடைய கற்பை விலையாகக் கேட்கிறான். கன்னிகையாக நடித்தவர் நாடகப் பள்ளியிலிருந்து அப்போதுதான் வெளியே வந்திருந்த மெரில் ஸ்ட்ரீப். நாடகம் முடிவதற்குள் இருவரும் காதலர்களாகிச் சேர்ந்து வாழத் தொடங்கிவிட்டார்கள்.

அடுத்த ஆண்டில் நோய் தெரிந்தது. 'அகமெம்னன்' நாடகத்தில் ஒரே ஒரு முன்னோட்டக் காட்சியோடு விலக வேண்டியதாயிற்று. நுரையீரல் புற்று, அதுவும் பரவிவிட்டிருந்தது. மைக்கேல் சிமினோவின் 'டியர் ஹன்டர்' தொடங்கவிருந்த நேரம். கஸாலும் ஸ்ட்ரீப்பும் அதில் ஒப்பந்தமாகியிருந்தார்கள்.

இங்கே சினிமாவின் உள்கணக்கு ஒன்று குறுக்கே வருகிறது. பெரிய படங்களில் முக்கிய நடிகர்களுக்கு மருத்துவப் பரிசோதனை செய்து காப்பீடு எடுப்பார்கள். பாதியில் ஒருவர் இறந்துவிட்டால் அவர் வந்த காட்சிகளையெல்லாம் வேறு ஆளை வைத்து மறுபடி எடுக்க வேண்டும், அந்தச் செலவைக் காப்பீட்டு நிறுவனம் ஏற்கும். சாகப்போகிறவர் என்று தெரிந்த ஒருவருக்கு எந்த நிறுவனமும் காப்பீடு தராது. பணம் போட்டவர்களின் தரப்பு கஸாலை நீக்கச் சொன்னது. அவரை நீக்கினால் தானும் இல்லை என்றார் ஸ்ட்ரீப். கஸாலுக்கான காப்பீட்டுப் பொறுப்பை டி நிரோ தன் பணத்தில் ஏற்றுக்கொண்டதாக ஸ்ட்ரீப் சொல்லியிருக்கிறார். டி நிரோ அதைப் பற்றி வெளிப்படையாகப் பேசிக்கொள்வதில்லை. சிமினோ அட்டவணையைக் கலைத்துப் போட்டு, கஸால் வரும் காட்சிகளை முதலில் எடுத்து முடித்தார்.

பென்சில்வேனியாவின் எஃகு ஆலை ஊர் ஒன்றின் நண்பர் கூட்டத்தில் அவர் வேடத்துக்கும் பெயர் ஸ்டான்தான். கண்ணாடியைக் கண்டால் தலைமுடியைச் சரிசெய்துகொள்கிறவன், இடுப்பில் ஒரு சின்னத் துப்பாக்கியைச் செருகிக்கொண்டு சூரனாகத் திரிகிறவன். மலைக்கு மான் வேட்டைக்குப் போகும்போது பூட்ஸைக் கொண்டுவர மறந்துவிடுகிறான், போன தடவையைப் போலவே. டி நிரோவிடம் இன்னொரு ஜோடி இருக்கிறது, கேட்கிறான். தர மறுக்கிறார். குளிர் காற்றில் ஒரு பூட்ஸுக்காக நடக்கும் அந்தச் சண்டையில் ஸ்டான் கெஞ்சுவதும் பழிப்பதும் சிணுங்குவதுமாக நான்கைந்து மனநிலைகளுக்குத் தாவுகிறான். மெலிந்துபோன அந்த உருவத்தை நோயின் கண்ணோடு பார்க்கக் கூடாது என்று ஒவ்வொரு தடவையும் முடிவுசெய்துகொள்வேன். சற்று நேரத்தில் அது தானாகவே மறந்துபோகிறது, ஸ்டான்மேல் எரிச்சல் வந்துவிடுகிறது. பிறகொரு காட்சியில் வியட்நாமிலிருந்து திரும்பிய டி நிரோ அந்தச் சின்னத் துப்பாக்கியைப் பிடுங்கி, ஒரே ஒரு தோட்டாவைப் போட்டு, ஸ்டானின் நெற்றியில் வைத்து விசையை அழுத்துகிறார். குண்டு வெடிப்பதில்லை.

1978 மார்ச்சில் நியூயார்க்கில் கஸால் இறந்தார், 42 வயது. கடைசி மாதங்களில் ஸ்ட்ரீப் கூடவே இருந்தார். படம் டிசம்பரில் வந்தது. ஸ்ட்ரீப்புக்கு அதில்தான் முதல் ஆஸ்கர் பரிந்துரை. நடிப்பைப் பற்றி மற்ற யாரிடமும் கற்றதைவிட ஜானிடம் கற்றதே அதிகம் என்று பசினோ பல இடங்களில் சொல்லியிருக்கிறார். 2009-இல் ரிச்சர்ட் ஷெப்பர்ட் எடுத்த சுமார் 40 நிமிட ஆவணப்படத்தில் பழைய கூட்டாளிகள் பலரும் வந்து பேசினார்கள். நியூயார்க்கில் பிராட்வே சாலையில் ஒரு சிறிய நாடக அரங்குக்கும் அவர் பெயர் வைத்தார்கள். அதுவும் தனியாக இல்லை, இளவயதில் இறந்த இன்னொரு நடிகரான வால்டர் மெக்கின்னின் பெயரோடு சேர்த்து, இரண்டாவதாக.

1990-இல் 'காட்ஃபாதர்' மூன்றாம் பாகம் வந்தபோது கொப்போலா பழைய படச்சுருளிலிருந்து ஃப்ரெடோவை எடுத்துச் சேர்த்தார். அந்தப் படமும் சிறந்த படத்துக்குப் பரிந்துரையானது, அதையும் கணக்கில் சேர்த்து ஆறு என்கிறவர்கள் உண்டு. அதில் மைக்கேல் ஒரு கார்டினலிடம் பாவமன்னிப்புக் கேட்கும் காட்சி வருகிறது. அண்ணனைக் கொல்லச் சொன்னது நான்தான் என்று உடைந்து அழுகிறான். பசினோவுக்கு அப்போது ஐம்பதை ஒட்டிய வயது, தலை நரைத்த வேடம். எதிரில் கஸால் இல்லை. இரண்டாம் பாகத்தில் சுடப்படுவதற்குச் சற்று முன் டாஹோ ஏரியில் படகில் உட்கார்ந்திருக்கும் நாற்பதைத் தொடாத அண்ணன், தூண்டிலைப் போட்டுவிட்டு, மீன் மாட்ட வேண்டும் என்று மரியன்னையிடம் வேண்டிக்கொண்டிருக்கிறான்.